நாற்பது டாலர் லைசன்ஸ்: டெக்சாஸில் கைத்துப்பாக்கி உரிமம் எடுத்த கதையும் எடுக்கும் வழியும்

ராத்திரி ஒன்பதரைக்குக் கடையைப் பூட்டி, அன்றைய வசூலைப் பையில் போட்டுக்கொண்டு காருக்கு நடக்கிற நாற்பது அடிதான் என்னை இதற்குள் இழுத்துவிட்டது. ஹூஸ்டனுக்கு மேற்கே கேட்டி பக்கம் எங்களுக்கு ஒரு சின்ன மளிகைக் கடை. பொன்னி அரிசி, இட்லி மாவு, வெள்ளிக்கிழமையானால் வாழையிலையும் மல்லிகைப்பூவும் வரும். அதே வரிசையில் லாண்டரி வைத்திருந்தவரை ஒரு நாள் கடையின் பின்பக்கம் வைத்து அடித்துப் பையைப் பிடுங்கிக்கொண்டு போனார்கள். அந்த வாரமே நானும் வீட்டுக்காரரும் உட்கார்ந்து பேசினோம். "எனக்குக் கை நடுங்கும், நீயே எடு" என்றார். சரி, நானே எடுத்தேன்.

அதற்கப்புறம் கோயிலில், கடையில், பிறந்தநாள் விருந்தில் என்று குறைந்தது இருபது பேராவது கேட்டிருப்பார்கள். ஒவ்வொருவருக்கும் நின்று சொல்வதற்குள் பில் போட ஆள் சேர்ந்துவிடுகிறது. அதனால் இங்கே எழுதிவைக்கிறேன். நான் வக்கீல் இல்லை. சட்டம் மாறிக்கொண்டே இருக்கும், அதனால் விண்ணப்பிக்கும் நாளில் டெக்சாஸ் பொதுப் பாதுகாப்புத் துறையின் தளத்தில் ஒருமுறை சரிபார்த்துவிடுங்கள். இங்கே எல்லோரும் அந்தத் துறையை டிபிஎஸ் என்பார்கள், உரிமத்தை எல்டிசி (லைசன்ஸ் டு கேரி) என்பார்கள். 2016க்கு முன் இதற்குச் சிஎச்எல் என்று பெயர். பழைய ஆட்கள் இன்னும் அப்படித்தான் சொல்கிறார்கள்.

முதல் கேள்வி எப்போதும் ஒன்றுதான்: "2021லேயே லைசன்ஸ் தேவையில்லை என்று சொல்லிவிட்டார்களே அக்கா, அப்புறம் எதற்கு?" உண்மைதான். 2021 செப்டம்பர் 1 முதல், சட்டப்படி துப்பாக்கி வைத்துக்கொள்ளத் தகுதியுள்ள, 21 வயது நிரம்பியவர் டெக்சாஸில் லைசன்ஸ் இல்லாமலே கைத்துப்பாக்கி எடுத்துச் செல்லலாம். ஆனாலும் நான் எடுத்ததற்குக் காரணம் என் மகனின் பள்ளிக்கூடம். பள்ளி எல்லையிலிருந்து ஆயிரம் அடிக்குள் துப்பாக்கி கூடாது என்று மத்திய அரசின் சட்டம் ஒன்று இருக்கிறது. பள்ளி இருக்கிற மாநிலமே கொடுத்த லைசன்ஸ் இருந்தால் விலக்கு உண்டு. எங்கள் வீட்டிலிருந்து கடைக்குப் போகிற வழியில் மூன்று பள்ளிகள். லைசன்ஸ் இல்லாதவர் துப்பாக்கியிலிருந்து தோட்டாவை எடுத்துவிட்டு, பூட்டிய பெட்டிக்குள் வைத்துக்கொண்டுதான் அந்த வழியே ஓட்ட வேண்டும். தினமும் யாரால் முடியும்?

இன்னொன்று, பக்கத்து மாநிலங்கள். லூசியானா, ஓக்லஹோமா எல்லாம் டெக்சாஸ் லைசன்ஸை ஏற்கின்றன. மூன்றாவதாக, கடையில் துப்பாக்கி வாங்கும்போது எல்டிசி காட்டினால் அந்த நேரத்தில் நடக்கும் பின்னணிச் சோதனை தேவைப்படாது. 4473 என்கிற படிவத்தை மட்டும் நிரப்பத்தான் வேண்டும். நம் பெயர்களை அந்தக் கணினி பார்த்துவிட்டு "டிலேய்டு" என்று நிறுத்திவைப்பதை அனுபவித்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

அடுத்தது நம் ஆட்கள் எல்லோரும் கவனமாகப் படிக்க வேண்டியது. எச்1பி, எச்4, எஃப்1 என்று எந்தத் தற்காலிக விசாவில் இருந்தாலும், மத்திய சட்டப்படி துப்பாக்கியோ தோட்டாவோ கையில் வைத்திருப்பதே குற்றம். வேட்டை உரிமம் போன்ற சில விதிவிலக்குகள் உண்டு. அதை நம்பி இறங்குகிற ஆள் முதலில் வக்கீலைப் பார்க்கட்டும். தண்டனை 15 வருடம் வரை போகும், கூடவே நாடு கடத்தலும் வரும். "ஃப்ரெண்டோடதுதான், சும்மா ஷூட்டிங் ரேஞ்சில் சுட்டுப் பார்த்தேன்" என்று படம் போடுகிற பிள்ளைகளைப் பார்த்தால் எனக்கு வயிற்றைக் கலக்கும். கிரீன் கார்டு கைக்கு வரட்டும். கார்டு வந்த பிறகும்கூட துப்பாக்கி சம்பந்தமான ஒரு குற்றம் அந்தக் கார்டைப் பறித்துவிடும் என்பதை மறக்காதீர்கள்.

மற்ற தகுதிகள் சுருக்கமாக. டெக்சாஸில் ஆறு மாதமாவது குடியிருந்திருக்க வேண்டும். ஃபெலனி என்கிற பெரிய குற்றத் தண்டனை இருக்கக் கூடாது. கடந்த ஐந்து வருடத்தில் குடித்துவிட்டு வண்டி ஓட்டிய வழக்கு மாதிரி, அதற்கு அடுத்த நிலையான ஏ, பி வகுப்புக் குற்றங்களில் தண்டனையும் கூடாது. பிள்ளைக்குக் கட்ட வேண்டிய ஜீவனாம்சம் பாக்கி இருக்கக் கூடாது. கடை வைத்திருப்பவர்களுக்கு ஒன்று: மாநிலத்துக்குக் கட்ட வேண்டிய விற்பனை வரி பாக்கி என்று முடிவாகியிருந்தாலும் லைசன்ஸ் கிடைக்காது, சொத்து வரிக்கும் இதே கதைதான். நான் விண்ணப்பிக்கும் முன் எங்கள் கணக்கரைக் கூப்பிட்டு அந்தக் காலாண்டுக் கணக்கு போய்விட்டதா என்று கேட்டுக்கொண்டேன்.

விண்ணப்பம் முழுக்க ஆன்லைன்தான். கட்டணம் 40 டாலர். 2017 வரைக்கும் 140 டாலராக இருந்தது. டிரைவிங் லைசன்ஸ் எண், உயரம், எடை, கண் நிறம், கடந்த ஐந்து வருட வீட்டு முகவரிகள், வேலை செய்த இடங்கள் எல்லாம் கேட்பார்கள். முன்பு எப்போதாவது கைதாகியிருந்தால், மனநலத்துக்கோ போதைக்கோ சிகிச்சை எடுத்திருந்தால், அதையும் மறைக்காமல் எழுத வேண்டும். பிறந்த நாடு இந்தியா என்று போட்டதும் குடியுரிமை அல்லது கிரீன் கார்டு நகலைத் தயாராக வைத்துக்கொள்ளுங்கள். அரை மணி நேர வேலை. பெயர் ஒன்றைத் தவிர.

பெயர்தான் நமக்கு வில்லங்கம். கோவில்பட்டியில் நான் எஸ். முத்துலட்சுமி, அவ்வளவுதான். பாஸ்போர்ட் எடுத்தபோது அந்த 'எஸ்' விரிந்து அப்பா பெயர் கடைசிப் பெயரானது. இங்கே வந்து டிரைவிங் லைசன்ஸ் எடுத்தபோது வீட்டுக்காரர் பெயர் கடைசிப் பெயரானது, அப்பா நடுவில் போய் உட்கார்ந்தார். நான் விண்ணப்பத்தைப் பாஸ்போர்ட்டைப் பார்த்து நிரப்பிவிட்டேன். கைரேகை எடுக்கிற இடத்தில் இருந்த பெண் என் டிரைவிங் லைசன்ஸையும் திரையையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "இரண்டும் ஒரே ஆள் என்று எனக்கு எப்படித் தெரியும்?" என்றாள். அவள் கேட்டதும் நியாயம்தான். திருப்பி அனுப்பிவிட்டாள், எனக்கு அரை நாள் வியாபாரம் போயிற்று. அதனால் சொல்கிறேன்: டெக்சாஸ் டிரைவிங் லைசன்ஸில் எழுத்துக்கு எழுத்து எப்படி இருக்கிறதோ, அப்படியே விண்ணப்பத்திலும் கைரேகைப் பதிவிலும் போடுங்கள். "வேறு பெயர் பயன்படுத்தியதுண்டா" என்ற இடத்தில் பாஸ்போர்ட் பெயரையும் கல்யாணத்துக்கு முந்தைய பெயரையும் சேர்த்து எழுதிவிடுங்கள். முதல் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'எஃப்என்யூ' (முதல் பெயர் தெரியவில்லை) என்று அச்சாகியிருக்கும் பாவப்பட்டவர்கள், இந்த வேலைக்கு முன் அந்தப் பெயரைச் சரிசெய்துகொள்வது நல்லது.

கைரேகை மின்னணு முறையில்தான் எடுப்பார்கள். முன்கூட்டி நேரம் பதிவு செய்ய வேண்டும். எனக்குப் பத்து டாலர் சொச்சம் ஆனது. முதல் தடவை எடுத்தது தெளிவாக இல்லை என்று மறுபடி வரச் சொன்னார்கள். இருபது வருடம் தேங்காய் துருவி, புளி கரைத்து, அரிசி மூட்டையின் சாக்கைப் பிடித்து இழுத்த விரலில் ரேகை எங்கே மிச்சம் இருக்கும்? ஒரு வாரம் ராத்திரி தேங்காய் எண்ணெய் தடவிக்கொண்டு படுத்தேன், பாத்திரத்துக்கு ரப்பர் கையுறை போட்டேன். இரண்டாவது தடவை ஒழுங்காகப் பதிந்தது. எடுக்கப் போகும் அன்று மட்டும் எண்ணெய் வேண்டாம், வழுக்கிவிடும்.

வகுப்பு நான்கிலிருந்து ஆறு மணி நேரம். டிபிஎஸ் அங்கீகாரம் பெற்ற பயிற்சியாளரிடம் நேரில் போகலாம். பாடத்தை மட்டும் ஆன்லைனில் முடித்துவிட்டுச் சுடும் தேர்வுக்கு நேரில் போவதும் உண்டு. நேரில் போகச் சொல்வேன். துப்பாக்கியையே தொட்டுப் பார்க்காதவர் என்றால் அதற்கும் முன்னால் தனியாக ஒரு அடிப்படை வகுப்பு எடுங்கள். எல்டிசி வகுப்பில் சுடக் கற்றுத்தர மாட்டார்கள், தெரியுமா என்றுதான் பார்ப்பார்கள்.

பாடம் நான்கு விஷயம்: ஆயுதச் சட்டமும், எப்போது உயிரைப் பறிக்கக்கூடிய பலத்தைப் பயன்படுத்தலாம் என்பதும்; துப்பாக்கியையும் உறையையும் பாதுகாப்பாகக் கையாள்வது; சண்டையில்லாமல் தகராறு தீர்ப்பது; பிள்ளைகள் கைக்கு எட்டாமல் பூட்டி வைப்பது. மூன்றாவதைத்தான் எல்லோரும் கொட்டாவி விட்டுக்கொண்டு கேட்டார்கள். எனக்கு அதுதான் பிடித்தது. ஓய்வு பெற்ற போலீஸ்காரர் ஒருவர்தான் எங்களுக்கு வாத்தியார். "இடுப்பில் இது இருக்கிற அன்று பார்க்கிங் இடத்துக்குச் சண்டை போடும் உரிமை உங்களுக்கு இல்லை. யார் என்ன திட்டினாலும் சாரி சொல்லிவிட்டு நகருங்கள்" என்றார். மாம்பழ சீசனில் ஒரு பெட்டி அல்போன்சாவில் நான்கு அழுகியிருந்தது என்று ஆறு பழத்தைத் தின்றுவிட்டு முழுக் காசையும் திருப்பிக் கேட்கிற ஆட்களைச் சமாளித்தவள் நான். அந்தப் பாடத்துக்கு எனக்கு மார்க் போட்டே ஆக வேண்டும்.

எழுத்துத் தேர்வு ஒன்று உண்டு, எழுபது சதவீதம் எடுத்தால் போதும். வகுப்பில் தூங்காதவர் தேறிவிடுவார்.

சுடும் தேர்வுக்கு வருவோம். ஐம்பது தோட்டா. மூன்று கஜத்திலிருந்து இருபது, ஏழு கஜத்திலிருந்து இருபது, பதினைந்து கஜத்திலிருந்து பத்து. ஆள் உருவம் அச்சடித்த பி-27 என்கிற பெரிய தாள்தான் இலக்கு. நடு வட்டங்களுக்குள் பட்டால் ஐந்து மார்க், அதற்கு வெளியே அடுத்த வளையத்தில் நான்கு, உருவத்தின் மேல் வேறெங்கு பட்டாலும் மூன்று. மொத்தம் 250, தேற 175. மூன்று கஜம் என்றால் ஒன்பது அடி, எங்கள் கடையில் பருப்பு வரிசைக்கும் எண்ணெய் வரிசைக்கும் உள்ள தூரம்கூட இல்லை. பயப்பட வேண்டியதில்லை. ஆனால் ஒரு தோட்டாவுக்கு இரண்டு விநாடி, மூன்று விநாடி என்று நேரம் வைப்பார்கள். அவசரத்தில் விசையைச் சுண்டினால் குண்டு கீழே போகும். விரல் நுனியால் மெதுவாக, இடியாப்ப உழக்கை அழுத்துவது போல ஒரே சீராக அழுத்த வேண்டும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன், அது வேலை செய்தது. 9 மில்லிமீட்டர் துப்பாக்கியை ரேஞ்சிலேயே வாடகைக்கு எடுத்தேன். பெண்கள் சிலர் கை சின்னது என்று மிகச் சிறிய துப்பாக்கியைத் தேடுகிறார்கள். சிறியது அதிகமாக உதறும். நடுத்தர அளவில் இருப்பதுதான் தேர்வுக்குச் சுலபம்.

உடை விஷயத்தில் நான் செய்த முட்டாள்தனத்தை நீங்கள் செய்யாதீர்கள். அன்றைக்கு நான் போட்டுப் போனது கழுத்து அகலமான சுடிதார். ஒவ்வொரு முறை சுடும்போதும் காலித் தோட்டாக்கூடு வலது பக்கமாகத் தெறித்து விழும், அடுப்பிலிருந்து எடுத்த கடுகு மாதிரி சுடும். ஏழு கஜத்தில் நிற்கும்போது ஒன்று தடுப்புப் பலகையில் பட்டு நேராக என் கழுத்துக்குள் இறங்கித் தாலிச் சங்கிலியில் மாட்டிக்கொண்டது. "அய்யோ" என்று துள்ளினேன். இடது கை தானாகக் கழுத்துக்குப் போனது. வலது கையில் இன்னும் குண்டு நிரம்பிய துப்பாக்கி. வாத்தியார் அதுவரை அப்படிக் கத்தி நான் கேட்டதில்லை: "குழல் முன்னால! முன்னால!" நல்லவேளையாகக் குழல் முன்பக்கம்தான் இருந்தது, விரலும் விசைக்கு வெளியே இருந்தது. துப்பாக்கியை மேசையில் வைத்த பிறகுதான் கூட்டை எடுக்க விட்டார். சங்கிலி ஓரமாகப் பயறு அளவுக்கு ஒரு தழும்பு இன்னும் இருக்கிறது. கழுத்தை மூடிய டீஷர்ட், முன்பக்கம் மூடிய ஷூ, தொப்பி. காதுக்கும் கண்ணுக்கும் உள்ள பாதுகாப்பை அங்கேயே தருவார்கள். எனக்கு 231 மார்க்.

பயிற்சியாளர் தரும் சான்றிதழைப் பதிவேற்றினால் உங்கள் பங்கு முடிந்தது. எல்லாம் சேர்ந்த நாளிலிருந்து அறுபது நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும் என்பது சட்டம். விசாரிக்க வேண்டிய விஷயம் இருந்தால் 180 நாள்வரை இழுக்கலாம். எனக்கு ஐந்து வாரத்தில் தபாலில் வந்தது. மறுத்துவிட்டால் முப்பது நாளுக்குள் உங்கள் கவுண்டியின் ஜஸ்டிஸ் கோர்ட்டில் விசாரணை கேட்கலாம், அந்தத் தேதியைத் தவற விடாதீர்கள். வீடு மாறினால் முப்பது நாளுக்குள் டிபிஎஸ்ஸுக்குச் சொல்ல வேண்டும்.

கார்டு வந்த பிறகு எனக்குத் தெரிந்தது என்னவென்றால், எங்கே கொண்டுபோகலாம் என்பதை விட எங்கே கழற்றி வைக்க வேண்டும் என்பதிலேயே நாள் போகிறது. கடை வாசல்களில் இரண்டு மொழியில், ஒரு அங்குல எழுத்தில் பெரிய பலகை பார்த்திருப்பீர்கள். ஆங்கிலமும் ஸ்பானிஷும். அதில் உள்ள எண் டெக்சாஸ் தண்டனைச் சட்டத்தின் பிரிவு. 30.06 என்றிருந்தால் லைசன்ஸ் உள்ளவர் மறைத்து எடுத்துப் போகக் கூடாது. 30.07 என்றால் வெளியே தெரியும்படி கூடாது. 30.05 என்பது லைசன்ஸ் இல்லாதவர்களுக்கு. 30.06 பலகையை மீறிப் போனால் 200 டாலர் வரை அபராதம், நேரில் சொல்லியும் வெளியேறாமல் நின்றால் அது ஏ வகுப்புக் குற்றமாகிவிடும். மதுக்கடைகளில் சிவப்பில் 51% என்று போட்டிருக்கும், வருமானத்தில் பாதிக்கு மேல் அங்கேயே குடிக்கும் மதுவிலிருந்து வருகிற இடம் என்று அர்த்தம். பிறந்தநாள் விருந்து என்று நண்பர்கள் கூப்பிட்டாலும் அங்கே இடுப்பில் துப்பாக்கியோடு நுழையக் கூடாது. இது அபராதத்தோடு போகிற விஷயம் இல்லை.

பள்ளிக் கட்டடம், நீதிமன்றம், விமான நிலையத்தின் சோதனைக்கு அப்பால், பள்ளி கல்லூரி விளையாட்டுப் போட்டி, மத்திய அரசு அலுவலகம், இதெல்லாம் கூடாது. குடியுரிமை நேர்காணலுக்குப் போகிறவர்கள் காரை எடுக்கும் முன்பே வீட்டில் வைத்துவிடுங்கள். வாக்குச்சாவடியும் கூடாது, முன்கூட்டி வாக்களிக்கும் நாட்களிலும்தான். இதைக் கேட்டபோது எனக்குச் சிரிப்பு வந்தது. ஊரில் எங்கள் பெரிய மாமாவிடம் தோட்டத்துக் காவலுக்கு ஒரு ரெட்டைக்குழல் இருந்தது. தேர்தல் அறிவித்தால் போதும், துணியில் சுற்றி சைக்கிள் கேரியரில் கட்டிக்கொண்டு ஸ்டேஷனில் ஒப்படைக்கப் போய்விடுவார். கோயில், சர்ச் எல்லாம் 2019 செப்டம்பரிலிருந்து தடைப் பட்டியலில் இல்லை, பலகை வைத்திருந்தால்தான் தடை. நான் எப்படியும் காரில் பூட்டிவிட்டுத்தான் சாமி கும்பிடப் போவேன். பிரதட்சிணம் வரும்போது இடுப்பில் அது இடிப்பது எனக்குச் சரிப்படவில்லை.

அதற்காகவே காரில் சீட்டுக்கு அடியில் கம்பி வடத்தால் கட்டிய சின்ன இரும்புப் பெட்டி வைத்திருக்கிறேன், முப்பது டாலர். வீட்டிலும் பூட்டுப் பெட்டி. பதினேழு வயதுக்குக் கீழ் உள்ள பிள்ளையின் கைக்கு எட்டுகிற மாதிரி குண்டு போட்ட துப்பாக்கியை விட்டால் டெக்சாஸில் குற்றம். என் மகனுக்குப் பதினான்கு. கைப்பைக்குள் போட்டுக்கொள்ளும் பழக்கம் வேண்டவே வேண்டாம். கைப்பையைச் சோஃபாவில் எறியாத பெண் யார்? சுடிதாருக்குள் கட்டும் அகலமான இடுப்புப் பட்டை கிடைக்கிறது, விசையை முழுக்க மூடும் கெட்டியான உறை உள்ளதாகப் பார்த்து வாங்குங்கள்.

போலீஸ் நிறுத்தினால், துப்பாக்கி கூட இருக்கும்பட்சத்தில் டிரைவிங் லைசன்ஸோடு எல்டிசியையும் சேர்த்துக் கொடுக்க வேண்டும். உள் விளக்கைப் போட்டு, இரண்டு கையையும் ஸ்டியரிங் மேல் வைத்து, முதலில் வாயால் சொல்லுங்கள். அவர் எடு என்று சொன்ன பிறகு பர்ஸை எடுங்கள்.

வெளியூர்ப் பயணம் கடைசியாக. நியூ ஜெர்சி, நியூயார்க், கலிஃபோர்னியா இந்த லைசன்ஸை மதிக்காது. நியூ ஜெர்சி எடிசனில் தம்பி வீட்டுக்குக் காரில் போகிறவர்கள் இதை வீட்டில் விட்டுவிட்டுப் போங்கள். சென்னைக்குப் பறக்கிறவர்களுக்கு அதைவிடப் பெரிய எச்சரிக்கை: பெட்டியின் ஓரப் பையில் மறந்துபோன ஒரே ஒரு தோட்டா இருந்தால்கூட அங்கே விமான நிலையத்தில் 1959ஆம் வருட ஆயுதச் சட்டத்தின்கீழ் வழக்கு. தெரியாமல் வந்துவிட்டது என்று நிரூபிக்க லீவு முழுவதும் கோர்ட்டுக்கு அலைய வேண்டியிருக்கும். அமெரிக்காவிலிருந்து போகிறவர்கள் இப்படி மாட்டுவது அடிக்கடி நடக்கிறது. அதனால் ரேஞ்சுக்கு எடுத்துப்போகும் பை எங்கள் வீட்டில் தனி. பிடியில் சிவப்பு ரிப்பன் கட்டி, கராஜில் பெயிண்ட் டப்பாக்களுக்குப் பக்கத்தில் தொங்குகிறது. ஊருக்குப் போகும் பெட்டிகளெல்லாம் மாடியில்.